வெள்ளித் திரையில் ஒரு சர்வாதிகாரி

நாடக மேடையில் ராஜா வேஷம் போட்டு வருகிறவரைக் கண்டு நாம் ஏமாந்து போவதில்லை. கிரீடம் அட்டையினால் ஆனது என்பதும், உடைவாள் தகரத்தினால் ஆனது என்பதும் நமக்குத் தெரியும். திரை விழுந்த மறு நிமிஷமே மகாராஜா கொட்டகைக்குப் பின்புறம் உட்கார்ந்து சுருட்டுப் பற்ற வைத்துக்கொள்வார் என்பதும் தெரியும். ஆனால் உண்மையாகவே ஒரு தேசத்தை ஆளுகிறவர், "நான்தான் ராஜா, பாருங்கள்!" என்று தாமே திரையில் வந்து நின்றால் என்ன செய்வது? அவர் தரித்திருப்பது வேஷமா, சுயரூபமா? சிரிக்கலாமா, கூடாதா?

இந்தச் சங்கடம் ஸ்பெயின் தேசத்து ஜனங்களுக்கு ஏறக்குறைய நாற்பது வருஷ காலம் நேர்ந்தது. அதுவும் எப்போதோ ஒரு முறை அல்ல, வாராவாரம் நேர்ந்தது. அதற்குக் காரணமானவர் ஜெனரல் பிரான்ஸிஸ்கோ பிராங்கோ.

ஸ்பெயினின் வடமேற்கு மூலையிலுள்ள கலிஸியாப் பிரதேசத்தில், பெர்ரோல் என்னும் துறைமுகப் பட்டணத்தில், 1892-ம் வருஷம் டிசம்பர் 4-ந் தேதி பிறந்தவர் அவர். 1936-ல், ஜனங்கள் தேர்ந்தெடுத்த குடியரசு சர்க்காருக்கு விரோதமாகக் கலகம் செய்த ராணுவத்தாருக்குத் தலைமை வகித்தார். மூன்று வருஷம் உள்நாட்டு யுத்தம் நடத்தித் தேசத்தைத் தம் கைக்குள் கொண்டுவந்தார். 1975-ல் மரணம் அடையும் வரையில் அந்தக் கையை அவர் விரிக்கவே இல்லை.

அவருடைய யுத்தங்களைப் பற்றியும் ராஜதந்திரங்களைப் பற்றியும் புத்தகங்கள் மலைபோல் குவிந்திருக்கின்றன. நாம் இங்கே சொல்லப் புகுவது அவற்றை அல்ல. பிராங்கோ பிராங்கோவாகவே சினிமாவிலும் டெலிவிஷனிலும் தோன்றிய வரலாற்றையே சொல்லப் போகிறோம். படம் பிடிக்க உத்தரவு கொடுத்தவரும் அவர். படத்தில் நின்றவரும் அவர். எதைக் காட்டலாம், எதைக் காட்டக் கூடாது என்று தீர்மானித்ததும் அவருடைய அதிகாரமே. அப்படியிருந்தும் அந்தப் படங்கள் கடைசியில் யார் பக்கம் சாட்சி சொல்லின என்பதுதான் இந்த வரலாற்றின் சாரம்.

பேசாப் படத்தில் ஒரு கணம்

முதல் தோற்றம் மிகவும் சாதாரணமானது. 1926-ல் கோமெஸ் ஹிதால்கோ என்பவர் "லா மல்காஸாதா" என்று ஒரு பேசாப் படம் எடுத்தார். மணவாழ்க்கையில் துன்புற்ற ஒரு பெண்ணின் கதை என்பது தலைப்பிலேயே தெரியும். கதை எப்படி இருந்தபோதிலும், அந்தக் காலத்து ஸ்பெயினில் பெயர் பெற்ற அரசியல்வாதிகள், எழுத்தாளர்கள், சேனாதிபதிகள் முதலிய பலர் அந்தப் படத்தில் தாங்களாகவே வந்து தலை காட்டினார்கள். அவர்களில் ஒருவர், மொராக்கோ யுத்தத்தில் பெயர் எடுத்து, முப்பத்து மூன்றாவது வயதிலேயே ஜெனரல் பதவிக்கு உயர்ந்திருந்த பிராங்கோ.

அந்த வருஷத்தில் பிராங்கோ குடும்பத்தில் புகழின் உச்சியில் இருந்தவர் அவர்கூட அல்ல; அவருடைய தம்பி ரமோன். "ப்ளுஸ் உல்த்ரா" என்னும் ஆகாய விமானத்தில் ஸ்பெயினிலிருந்து புறப்பட்டு அட்லாண்டிக் சமுத்திரத்தைத் தாண்டி ப்யூனஸ் அயர்ஸ் பட்டணம் போய்ச் சேர்ந்த வீரர் அவர். தேசமே தம்பியைக் கொண்டாடிக் கொண்டிருந்தது. அண்ணன் ஜெனரலான செய்தி அந்த ஆரவாரத்தில் அமுங்கிப் போயிற்று.

ஆகவே அந்தப் பேசாப் படத்தில் நாம் காணும் பிராங்கோ பத்துப் பேரோடு பதினோராமவர். அவருக்காக யாரும் எழுந்து நிற்கவில்லை; அவர் போனதும் யாரும் வருந்தவில்லை. இன்னும் பத்தே வருஷத்தில், அவர் முகம் திரையில் தெரிந்தால் கொட்டகை முழுவதும் எழுந்து நின்று கையை உயர்த்தி வணங்க வேண்டிவரும் என்று அன்று யார் கண்டார்கள்?

இடிபாடுகளின் நடுவே

1936-ம் வருஷம் செப்டம்பர் மாதம். மாட்ரிட் நகரை நோக்கிப் பிராங்கோவின் சைனியம் விரைந்துகொண்டிருந்தது. வழியில் சற்று ஒதுங்கினாற்போல் தொலேதோ என்ற பழம்பெரும் நகரம் இருந்தது. அங்கே அல்காஸார் என்னும் கோட்டைக்குள், கர்னல் மொஸ்கார்தோ தலைமையில் கலகக்காரப் படையினர் இரண்டு மாதத்துக்கு மேலாக முற்றுகையில் அடைபட்டுக் கிடந்தார்கள். பிராங்கோ தம்முடைய சைனியத்தை மாட்ரிட் பாதையிலிருந்து திருப்பித் தொலேதோவுக்கு அனுப்பினார். செப்டம்பர் 27-ந் தேதி முற்றுகை தீர்ந்தது.

யுத்த சாஸ்திரம் அறிந்தவர்கள் பலர் இதைப் பெரும் பிழை என்று கருதினார்கள். அந்தத் தாமதத்தினால் மாட்ரிட் தப்பியது, யுத்தமும் நீண்டது. ஆனால் சினிமா சாஸ்திரப்படி பார்த்தால் பிழை ஒன்றும் இல்லை. இடிந்து சரிந்த கோட்டைக் கற்களின் நடுவே, தாடி வளர்ந்து மெலிந்து போன மொஸ்கார்தோவோடு பிராங்கோ நடந்து வரும் காட்சியைச் செய்திப் படக்காரர்கள் பிடித்தார்கள். பல தேசங்களில் சினிமாக் கொட்டகைகளில் அது ஓடிற்று. அதுவரையில் பல ஜெனரல்களில் ஒருவராக இருந்தவர் உலகறிந்த வீரராகிவிட்டார். அக்டோபர் 1-ந் தேதி பூர்கோஸ் நகரில் அவரை ராஜ்யத் தலைவராகப் பிரகடனம் செய்தார்கள்.

ஒரு நகரத்தைத் தாமதமாகப் பிடித்தாலும் பாதகமில்லை, ஒரு காட்சியைச் சரியான சமயத்தில் பிடித்துவிட வேண்டும் என்னும் பாடத்தை அவர் அங்கே கற்றுக்கொண்டார் என்று தோன்றுகிறது.

அதே யுத்த காலத்தில் எடுத்த இன்னொரு சிறு படத்தைப் பற்றிச் சொல்லாமல் இருக்க முடியாது. பிராங்கோ தம் மனைவியோடும், பத்து வயதுக் குமாரி கார்மெனோடும் காணப்படுகிறார். சேனாதிபதி வீட்டில் அன்புள்ள தகப்பனார் என்று உலகத்துக்குக் காட்டுவதே உத்தேசம். உலகத்துக் குழந்தைகளுக்கு ஏதாவது சொல்லும்படி மகளைக் கேட்கிறார். குழந்தை ஒப்புவிக்கிறாள். அவள் பேசும்போது தகப்பனாருடைய முகத்தைக் கவனித்தால் வேடிக்கை புரியும். மகள் சொல்லும் வார்த்தைகளை அவருடைய உதடுகளும் சத்தமில்லாமல் சொல்லிக்கொண்டே போகின்றன! பள்ளிக்கூட ஆண்டு விழாவில் மேடைக்குக் கீழே நின்று குழந்தைக்குப் பாடம் எடுத்துக் கொடுக்கும் தாயாரை நாம் பார்த்திருக்கிறோம் அல்லவா? அதே காட்சிதான்.

சர்வாதிகாரி என்பவர் யார் என்பதற்கு இதைவிட நல்ல வியாக்கியானம் கிடைப்பது அரிது. பிறர் வாயில் வரும் வார்த்தையும் தம்முடையதாகவே இருக்க வேண்டும் என்று எண்ணுகிறவர் அவர். கேமரா அதைப் பிடித்துவிட்டது. அந்தக் கணம் அவர் யாராக இருந்தாரோ அவராகவே அதில் இருக்கிறார்.

படத்துக்கு வெளியே அப்போது ஸ்பெயின் எப்படி இருந்தது? 1938 ஜூன் மாதத்தில் நம்முடைய ஜவாஹர்லால் நேரு, குடியரசு சர்க்காரின் வசமிருந்த பார்ஸிலோனா நகருக்குப் போய்ச் சில தினங்கள் தங்கினார். ஆகாயத்திலிருந்து குண்டு விழும் நகரத்தில் ஜனங்கள் பசியோடும் உறுதியோடும் வாழ்வதை அவர் கண்ணால் கண்டார். பிராங்கோவின் குடும்பப் படத்தில் அந்தக் குண்டுச் சத்தம் கேட்பதில்லை.

ராஜா எழுதிய கதை

யுத்தம் 1939 ஏப்ரல் 1-ந் தேதி முடிந்தது. ஜெயித்தவருக்கு இனிமேல் என்ன வேண்டும்? ஒரு நல்ல வம்ச சரித்திரம் வேண்டும். அதையும் அவரே எழுதினார். "ஹைமே தெ ஆந்த்ராதே" என்று புனைபெயர் வைத்துக்கொண்டு அவர் எழுதிய "ராஸா" என்னும் கதையை, ஸாயென்ஸ் தெ எரேதியா என்ற டைரக்டர் படமாக்கினார். 1942 ஜனவரியில் மாட்ரிட்டில் அது வெளியாயிற்று. கதாநாயகனாக ஆல்பிரேதோ மாயோ என்ற அழகிய நடிகர் நடித்தார்.

இந்தப் படத்தில் பிராங்கோ தோன்றவில்லை. ஆயினும் அவருடைய சுயசரிதத்தை அவர் விரும்பியபடி இதிலேதான் பார்க்கிறோம். கதையில் வரும் தகப்பனார், கியூபா யுத்தத்தில் வீரமரணம் எய்தும் கடற்படைத் தளபதி. நிஜத் தகப்பனாரோ கடற்படையில் கணக்குப் பார்த்தவர். 1907-ல் குடும்பத்தை விட்டுப் பிரிந்து மாட்ரிட்டில் வேறொரு பெண்ணோடு வாழப் போனவர். வாழ்க்கையில் கிட்டாத தகப்பனாரை அவர் கதையில் சிருஷ்டித்துக் கொண்டார். இது பரிதாபத்துக்குரிய விஷயந்தான். ஆனால் ஒரு மனிதர் தம் வீட்டுக் குறையைத் தீர்த்துக்கொள்ள ஒரு தேசத்தின் சினிமாவையே உபயோகித்துக் கொள்வதென்றால், அப்பொழுது பரிதாபம் நம்மிடமிருந்து நழுவி விடுகிறது.

ஹிட்லரும் முஸோலினியும் ஒழிந்த பிறகு உலகத்தின் காற்று மாறியது. அமெரிக்காவின் சிநேகம் தேவையாயிற்று. ஆகவே 1950-ல் அதே படத்தைத் தலைப்பை மாற்றி மறுபடியும் வெளியிட்டார்கள். கை உயர்த்தும் பாஸிஸ்ட் வணக்கங்களும், அமெரிக்காவைத் தாக்கும் வார்த்தைகளும் அதில் மறைந்து போயின. சர்வாதிகாரியின் பழைய காலமும் கத்தரிக்கோலுக்குத் தப்பவில்லை.

வாராவாரம் தரிசனம்

இப்பொழுது முக்கியமான கட்டத்துக்கு வருகிறோம். படம் ஆரம்பிப்பதற்கு முன்னால் செய்திப் படம் காட்டும் வழக்கம் நம் நாட்டிலும் இருந்தது. முதியோர் அதை மறந்திருக்க மாட்டார்கள். ஸ்பெயினில் அதற்கு "நோ-தோ" என்று பெயர். 1942-ல் சர்க்கார் உத்தரவினால் அது ஏற்பட்டது. 1943 ஜனவரி 4-ந் தேதி முதல் இதழ் வெளியாயிற்று. அதைத் தவிர வேறு எவரும் செய்திப் படம் தயாரிக்கவும் கூடாது, காட்டவும் கூடாது. தேசத்தில் உள்ள எல்லாக் கொட்டகைகளும் அதைக் காட்டியே தீர வேண்டும். மானுவேல் பராதா என்பவர் அமைத்த எக்காள இசை முழங்கும். கழுகுச் சின்னம் தோன்றும். பிறகு சுமார் பத்து நிமிஷம் உலக சமாசாரம்.

முதல் இதழிலேயே எல் பார்தோ அரண்மனையில் மேஜைக்கு முன் உட்கார்ந்து ராஜ்ய காரியங்களைக் கவனிக்கும் பிராங்கோவை ஜனங்கள் தரிசித்தார்கள். அதற்குப் பிறகு முப்பது வருஷத்துக்கு மேல் தரிசனம் நிற்கவில்லை. பிராங்கோ அணைக்கட்டுத் திறக்கிறார். பிராங்கோ தொழிற்சாலை திறக்கிறார். பிராங்கோ மாதா கோவிலுக்குள் பிரவேசிக்கிறார். பிராங்கோ மீன் பிடிக்கிறார், மீன் அகப்படுகிறது. பிராங்கோ வேட்டையாடுகிறார், பறவை விழுகிறது. 1959 டிசம்பரில் அமெரிக்க ஜனாதிபதி ஐஸன்ஹோவர் மாட்ரிட்டுக்கு விஜயம் செய்தபோது, இருவரும் தழுவிக்கொண்ட காட்சியைச் ஸ்பெயினில் பாராதவர் இல்லை.

இந்தப் படங்களில் பெரும்பாலும் பிராங்கோ பேசுவதில்லை. அவருக்குக் குரல் மெல்லியது. வீர புருஷனுக்கு ஏற்ற கம்பீரம் அதில் இல்லை. ஆகவே அவர் உதடு அசைய, வேறு ஒருவர் கம்பீரமான குரலில் அவருடைய பெருமைகளை எடுத்துச் சொல்வார். அன்று மகளின் பேச்சுக்குத் தகப்பனார் உதடசைத்தார். இப்பொழுது அவருக்காகத் தேசம் முழுவதும் ஒரே குரல் பேசிற்று.

திரையில் தெரிந்தவற்றைச் சொன்னோம். தெரியாதவை எவை? யுத்தத்துக்குப் பின் வந்த பஞ்ச வருஷங்களில் ரேஷன் சீட்டைக் கையில் பிடித்துக் காத்து நின்ற ஜனங்களின் பசி தெரியவில்லை. அந்த ரேஷன் 1952 வரையில் நீடித்தது. சிறைச்சாலைகள் தெரியவில்லை. 1951-ல் பார்ஸிலோனா மக்கள் டிராம் கட்டண உயர்வை எதிர்த்து டிராம் வண்டியில் ஏறமாட்டோம் என்று நடந்தே போன அதிசயம் தெரியவில்லை. 1962-ல் அஸ்தூரியாஸ் நிலக்கரிச் சுரங்கத் தொழிலாளர் செய்த பெரும் வேலை நிறுத்தம் தெரியவில்லை. தண்ணீர் நிறைந்த அணைக்கட்டு தெரிந்தது. அதனடியில் முழுகிப் போன கிராமத்தார் எங்கே போனார்கள் என்பது தெரியவில்லை.

ஆனால் இருட்டில் உட்கார்ந்திருக்கும் ஜனங்களுக்கு ஒரு சௌகரியம் உண்டு. யார் சிரித்தார்கள் என்று கண்டுபிடிப்பது கடினம். ஓர் அணையிலிருந்து இன்னோர் அணைக்குத் தாவித் தாவித் திறப்பு விழா நடத்தும் ராஜ்யத் தலைவருக்கு அவர்கள் "பாக்கோ தவளை" என்று பெயர் வைத்தார்கள். பிரான்ஸிஸ்கோவுக்குச் செல்லப் பெயர் பாக்கோ. நீரிலிருந்து நீருக்குத் தாவுவது தவளை. சென்ஸார் அதிகாரிகளால் படத்தை வெட்ட முடிந்தது. பார்ப்பவன் மனத்தில் எழும் பரிகாசத்தை வெட்டுவதற்குக் கத்தரிக்கோல் இன்னும் செய்யப்படவில்லை.

வீட்டுக்குள் வந்த முகம்

1956 அக்டோபர் 28-ந் தேதி மாட்ரிட்டில் ஸ்பானிஷ் டெலிவிஷன் ஆரம்பமாயிற்று. அப்பொழுது அதைப் பார்க்கக்கூடிய பெட்டிகள் நகரத்தில் சில நூறுதான் இருந்தன. அதுவும் சர்க்காருடையதே. வருஷங்கள் செல்லச் செல்லப் பெட்டிகள் பெருகின. கிராமங்களில் சொந்தப் பெட்டி வாங்க இயலாதவர்கள் பொதுவாகக் கூடிப் பார்ப்பதற்கு "டெலிகிளப்" என்ற மண்டபங்களை 1960-களில் சர்க்காரே ஏற்படுத்தியது. வருஷ முடிவில் பிராங்கோ தேச மக்களுக்குக் கூறும் செய்தி, வீட்டுக் கூடத்துக்கே வந்து சேர்ந்தது.

1964-ல் யுத்தம் முடிந்து இருபத்தைந்து வருஷம் பூர்த்தியாயிற்று. பிரசார மந்திரியான மானுவேல் பிராகா அதை "இருபத்தைந்து வருஷ சமாதானம்" என்று தேசமெங்கும் கொண்டாடச் செய்தார். அதன் சிகரமாக வெளிவந்தது "பிராங்கோ, எஸே ஓம்ப்ரே" என்னும் படம். "பிராங்கோ, அந்த மனிதர்" என்பது அதன் பொருள். முன்பு "ராஸா"வை எடுத்த அதே ஸாயென்ஸ் தெ எரேதியாவே இதையும் எடுத்தார். இருபது வருஷத்துக்கு முன் நடிகரை வைத்துச் சொன்ன வம்ச சரித்திரத்தை, இப்பொழுது நடிகர் இல்லாமல், பழைய செய்திப் படங்களை வைத்துச் சொன்னார்.

படத்தின் முடிவில் பிராங்கோவே காட்சியளிக்கிறார். டைரக்டர் மரியாதையாகக் கேள்வி கேட்கிறார்; அவர் நிதானமாகப் பதில் கூறுகிறார். வயோதிகர், சாந்தமானவர், பேரன் பேத்தி எடுத்தவர். ஐந்து லட்சம் பேரளவு மாண்ட யுத்தத்தை நடத்தியவர் இவர்தானா என்று பார்ப்பவர்கள் மயங்க வேண்டும். அதற்காகவே அந்தக் காட்சி. ஆனால் கேட்கத் தக்க கேள்வி ஒன்றுகூட அங்கே கேட்கப்படவில்லை. முந்தின வருஷம் ஏப்ரல் மாதத்தில் ஹூலியான் கிரிமாவு என்ற கம்யூனிஸ்ட் தலைவரை, யுத்த காலத்துக் குற்றம் என்று சொல்லிச் சுட்டுக் கொன்றது பற்றிக் கேள்வி இல்லை. சமாதானம் என்றால் ஜெயித்தவனும் தோற்றவனும் கைகுலுக்குவதா, அல்லது தோற்றவன் வாய் திறவாமல் இருப்பதா என்ற கேள்வியும் இல்லை.

தள்ளாமையை மறைக்க முடியவில்லை

டெலிவிஷனுக்கு ஒரு கெட்ட குணம் உண்டு. அது மிகவும் நெருங்கி வந்து பார்க்கும். அணைக்கட்டின் மேல் தூரத்தில் நிற்கும்போது தெரியாத நடுக்கம், கூடத்துப் பெட்டியில் தெரிந்துவிட்டது. பார்க்கின்ஸன் வியாதியினால் பிராங்கோவின் கைகள் ஆடின, குரல் தேய்ந்தது, முகம் அசைவற்றுப் போயிற்று.

1973 டிசம்பர் 20-ந் தேதி, அவருடைய வலக்கரமாக இருந்த பிரதம மந்திரி கர்ரேரோ பிளாங்கோ மாட்ரிட் வீதியில் வெடிகுண்டினால் கொல்லப்பட்டார். அவருடைய விதவைக்குத் துக்கம் விசாரித்தபோது பிராங்கோ தேம்பி அழுததை ஜனங்கள் பார்த்தார்கள். அதற்குச் சில தினங்களுக்குப் பின், வருஷ முடிவுச் செய்தியில், எந்தத் தீமையும் ஒரு நன்மையில்லாமல் வருவதில்லை என்ற பழமொழியை அவர் எடுத்துச் சொன்னார். கேட்டவர்கள் திகைத்தார்கள். எது நன்மை? யாருக்கு நன்மை? அவர் விளக்கவில்லை; விளக்கம் கேட்கவும் யாருக்கும் உரிமை இல்லை.

1975 செப்டம்பர் 27-ந் தேதி ஐந்து பேருக்கு மரண தண்டனை நிறைவேற்றப்பட்டது. ஐரோப்பாவெங்கும் கண்டனம் எழுந்தது. அக்டோபர் 1-ந் தேதி, தாம் பதவி ஏற்ற முப்பத்தொன்பதாவது ஆண்டு நிறைவன்று, மாட்ரிட் அரண்மனை மாடத்தில் கறுப்புக் கண்ணாடி அணிந்து பிராங்கோ கடைசி முறையாக ஜனக்கூட்டத்துக்கு முன் தோன்றினார். எல்லாம் பிரீமேஸன்களும் இடதுசாரிகளும் செய்யும் சதி என்றார். நாற்பது வருஷத்துக்கு முன் சொன்ன அதே பாடம். குரல் மட்டும் ஓய்ந்துவிட்டது.

நவம்பர் 20-ந் தேதி காலையில் டெலிவிஷனில் பிரதம மந்திரி அரியாஸ் நவார்ரோ தோன்றினார். கண் கலங்கி, நா தழுதழுத்து, பிராங்கோ இறந்த செய்தியைக் கூறி, அவர் விட்டுச்சென்ற கடைசிச் செய்தியை வாசித்தார். பிறர் வார்த்தைக்கு உதடசைத்துப் பழகியவருடைய கடைசி வார்த்தைக்குப் பிறர் உதடுகள்தான் உதவின. சில வீடுகளில் அழுதார்கள். சில வீடுகளில், பின்னாளில் பலரும் எழுதியிருக்கிறபடி, மறைத்து வைத்திருந்த மது பாட்டிலைச் சத்தமில்லாமல் திறந்தார்கள்.

படங்கள் பேசத் தொடங்கின

இதோடு கதை முடிந்திருக்க வேண்டும். ஆனால் மனிதன் போனாலும் படம் போகவில்லை. நாலாயிரத்துக்கு மேற்பட்ட நோ-தோ இதழ்கள் பெட்டி பெட்டியாக இருந்தன.

பஸீலியோ மார்த்தின் பாத்தினோ என்ற டைரக்டர், பிராங்கோ உயிரோடிருக்கும்போதே ஒரு துணிச்சலான காரியத்தைத் தொடங்கியிருந்தார். 1971-ல் அவர், பஞ்ச காலத்துப் பழைய படங்களையும் அக்காலத்து ஜனரஞ்சகப் பாட்டுக்களையும் சேர்த்துக் கோத்து ஒரு படம் தயாரித்தார். வியாக்கியானம் ஒன்றும் கிடையாது; உற்சாகமான பாட்டு ஒரு பக்கம், மெலிந்த முகங்கள் ஒரு பக்கம். சர்க்கார் அதைத் தடுத்து வைத்தது. 1976-ல்தான் ஜனங்கள் பார்க்க முடிந்தது. அடுத்தபடியாக "கௌதீல்யோ" என்று பிராங்கோவின் பட்டப் பெயரையே தலைப்பாக வைத்து இன்னொரு படத்தை ரகசியமாகத் தயாரித்தார். அது 1977-ல் வெளிவந்தது. தொலேதோவின் இடிபாடும், மகளோடு உதடசைத்த தகப்பனாரும் அதில் மறுபடி தோன்றினார்கள். புதிதாக ஒன்றையும் சேர்க்க வேண்டியிருக்கவில்லை. பிராங்கோவைப் புகழ்வதற்கென்று எடுத்த காட்சிகளே போதுமாயிருந்தன.

அதே 1977-ல் கொன்ஸாலோ எர்ரால்தே என்பவர், "ராஸா" படத்துத் துண்டுகளை ஒரு பக்கமும், பிராங்கோவின் சகோதரி பிலார் சொல்லும் குடும்ப ஞாபகங்களை மறு பக்கமுமாக வைத்து ஒரு படம் எடுத்தார். கதாநாயகனாக நடித்த ஆல்பிரேதோ மாயோவும் வயோதிகராக வந்து பேசினார். கற்பனைத் தகப்பனாரும் நிஜத் தகப்பனாரும் அங்கே சந்தித்தார்கள்.

அந்த வருஷம் ஜூன் மாதத்தில் ஸ்பெயினில் பொதுத் தேர்தல் நடந்தது. நவம்பரில் சினிமா சென்ஸார் எடுக்கப்பட்டது. நோ-தோவைக் காட்டியே தீர வேண்டும் என்ற கட்டாயம் அதற்கு முன்பே நீங்கியிருந்தது. 1981-ல் அது அடியோடு நின்றது. இன்று அந்தச் சுருள்களை ஸ்பானிஷ் பிலிம் காப்பகம் பத்திரமாகப் பாதுகாத்து வருகிறது. எவரும் பார்க்கலாம், இப்பொழுது பார்த்தே தீர வேண்டியதில்லை. அதனாலேயே இப்பொழுது ஊன்றிப் பார்க்கிறார்கள்.

இன்னொருவர், அதே திரையில்

ஒப்பு நோக்குவதற்காக ஒன்று சொல்ல விரும்புகிறோம். பிராங்கோ தமக்கு வாரிசாக நியமித்த அரசர் ஹுவான் கார்லோஸும் அதே டெலிவிஷனில் தாமாகவே தோன்றினார். 1981 பிப்ரவரி 23-ந் தேதி தெஹேரோ என்ற அதிகாரி ஆயுதப் படையோடு பார்லிமெண்டுக்குள் புகுந்து அங்கத்தினரைச் சிறை பிடித்தான். அன்று நள்ளிரவு கடந்து ஒரு மணிக்கு மேல், சேனாதிபதி உடுப்பில் அரசர் டெலிவிஷனில் தோன்றி, ஜனநாயகத்தைப் பலாத்காரத்தினால் நிறுத்துவதைப் பொறுக்க முடியாது என்று சில நிமிஷம் பேசினார். கலகம் அடங்கிற்று.

முப்பத்தோரு வருஷம் கழித்து அதே அரசர் வேறு விதமாகத் தோன்றினார். தேசம் பொருளாதாரக் கஷ்டத்தில் தவிக்கும்போது ஆப்பிரிக்காவுக்கு யானை வேட்டைக்குப் போய் இடுப்பெலும்பு முறிந்து திரும்பினார் அவர். ஜனங்களின் கோபம் மூண்டது. 2012 ஏப்ரலில் ஆஸ்பத்திரித் தாழ்வாரத்தில் ஊன்றுகோல்களோடு நின்று, மிகவும் வருந்துவதாகவும், தாம் தவறு செய்துவிட்டதாகவும், இனி அப்படி நடவாது என்றும் கேமராவின் முன் சொன்னார். ஒரு நிமிஷம்கூட ஆகவில்லை. 2014-ல் முடியைத் துறந்தார். அவருடைய குணதோஷங்களை எடைபோடுவது நம் வேலையன்று. ஆனால் ஐம்பது வருஷம் கேமராவின் முன் நின்ற பிராங்கோ சொல்லாத ஒரு வார்த்தையை அவர் சொல்ல நேர்ந்தது என்பதைக் குறிப்பிட வேண்டும். அவர் நல்லவர் என்பதனால் அல்ல; பார்ப்பவர்களுக்குக் கேள்வி கேட்கும் உரிமை வந்துவிட்டது என்பதனால்.

கடைசித் தோற்றம்

பிராங்கோவின் கடைசித் தோற்றம் 2019 அக்டோபர் 24-ந் தேதி நிகழ்ந்தது. மாட்ரிட்டுக்கு வடமேற்கே மலைப் பள்ளத்தாக்கில், குடியரசுக் கைதிகளின் உழைப்பையும் கொண்டு அவர் கட்டுவித்த பிரம்மாண்டமான ஆலயத்தில் அவரைப் புதைத்திருந்தார்கள். ஜனநாயக ராஜ்யத்தில் அப்படி ஒரு ஸ்மாரகம் தகாது என்று பார்லிமெண்டு தீர்மானித்து, சுப்ரீம் கோர்ட்டும் அனுமதித்தது. குடும்பத்தார் சவப்பெட்டியைத் தோளில் சுமந்து வெளியே கொண்டுவந்தார்கள். ஹெலிகாப்டர் அதை ஏற்றிக்கொண்டு, அவருடைய மனைவி புதைக்கப்பட்டிருந்த மிங்கோருபியோ மயானத்துக்குச் சென்றது. தேசம் முழுவதும் டெலிவிஷனில் அதை நேராகப் பார்த்தது.

எக்காளம் இல்லை, கழுகுச் சின்னம் இல்லை, பெருமை சொல்லும் கம்பீரக் குரலும் இல்லை. முதன் முதலாகப் படம் பிடிப்பவர்களுக்கு அவர் எந்த உத்தரவும் கொடுக்கவில்லை.

தன்னை உலகம் எப்படிப் பார்க்க வேண்டும் என்று கட்டளையிட எந்த வல்லவனாலும் சில காலம் முடியும். வாழ்நாள் முழுவதும் முடிந்தவர்களும் உண்டு என்பதற்குப் பிராங்கோவே அத்தாட்சி. ஆனால் கேமராவின் கண் எஜமானனுக்காக இமைப்பதில்லை. அது கண்டதை அப்படியே வைத்துக்கொண்டு, கேட்பதற்கு ஜனங்களுக்குத் தைரியம் வரும் வரையில் காத்திருக்கிறது. ஸ்பெயின் ஜனங்கள் நாற்பது வருஷம் காத்திருந்து கேட்டார்கள். கேட்டபோது, மகளின் வார்த்தைக்கு உதடசைத்த அந்தச் சிறு காட்சி முன்வந்து தன் சாட்சியைச் சொல்லிற்று.